மூன்று வருஷப் பிரதமர் கார்ல் பில்ட்: ஸ்வீடனில் இன்னும் ஏன் இவர் பெயரில் சண்டை?

#1 குளிர்காலக்குருவி

கோத்தன்பர்க்குக்கு வேலைக்கு வந்து இரண்டு வருஷம் ஆகிறது. அலுவலகத்தில் காலையில் 'ஃபீக்கா' என்று காப்பிக்கு உட்காருவார்கள். அரசியல் பேச மாட்டார்கள். வானிலை, நாய், கோடை வீடு, இவ்வளவுதான். போன வாரம் யாரோ வாய்தவறி "கார்ல் பில்ட்" என்று சொல்லிவிட்டார். ஓய்வு பெறப்போகிற ஒருவர், கையிலிருந்த இலவங்கப்பட்டை பன்னைத் தட்டில் வைத்துவிட்டு, "அந்த ஆள் நாட்டையே விற்றார்" என்றார். எதிரில் இருந்தவர், "அவர் வராமல் இருந்திருந்தால் விற்பதற்கு நாடே மிஞ்சியிருக்காது" என்றார். அப்புறம் இருபது நிமிஷம் நான் ஒரு வார்த்தை பேசவில்லை. காப்பி ஆறிப்போனது.

வீட்டுக்கு வந்து தேடிப் படித்தேன். 1949 ஜூலை 15, ஹால்ம்ஸ்டாட்டில் பிறப்பு. பழைய பிரபுக் குடும்பம். எள்ளுத்தாத்தா யில்லிஸ் பில்ட் 1888–89இல் ஸ்வீடன் பிரதமர். நம்மவர் 1986 முதல் 1999 வரை வலதுசாரி மாடரேட் கட்சியின் தலைவர். நான்கு பொதுத்தேர்தல்களைச் சந்தித்தார். அதில் ஒன்றே ஒன்று, 1991, அவரை நாற்காலியில் உட்கார வைத்தது. 1994 அக்டோபரில் இறங்கிவிட்டார்.

மூன்றே வருஷம்! முப்பது வருஷம் கழித்தும் பன்னைக் கீழே வைக்கும் அளவுக்குக் கோபம் ஏன்? இங்கே ஸ்வீடன் விஷயம் தெரிந்தவர்கள் இருக்கிறீர்கள், சொல்லுங்கள்.

#2 கணக்குப்பிள்ளை

அந்தப் பெரியவர் 1990 வாக்கில் வீட்டுக்கடன் வாங்கியவராக இருப்பார். என் ஊகம்தான்.

1992 செப்டம்பர் 16. ஸ்வீடனின் மத்திய வங்கி ரிக்ஸ்பாங்க், குறுகிய காலக் கடன் வட்டியை 500 சதவீதம் ஆக்கியது. எழுத்துப்பிழை இல்லை, ஐந்நூறுதான். அப்போது ஸ்வீடன் நாணயமான குரோனாவை ஐரோப்பிய நாணயக் கூடையோடு கட்டிவைத்திருந்தார்கள். அதை ஒருநாள் அவிழ்க்கத்தான் போகிறார்கள் என்று ஊகவணிகர்கள் குரோனாவைக் கடன் வாங்கி விற்றுத் தள்ளினார்கள். அவர்கள் கடன் வாங்குவதையே நிறுத்தவேண்டும் என்றால் வட்டியை ஏற்றவேண்டும்.

500 என்பது ஆண்டுக்கணக்கு. ஒரு நாளுக்குப் போட்டால் 1.37 சதவீதம். இன்று ராத்திரி 100 குரோனா வாங்கினால் நாளை 1.37 குரோனா வட்டி. கேட்க ஒன்றுமில்லை போலத் தெரியும். ஆனால் நாளைக்கே 20 சதவீதம் லாபம் வரும் என்று நம்புகிறவனுக்கு 1.37 ஒரு பொருட்டா? அதனால்தான் அந்தக் கோட்டை நிற்கவில்லை. நவம்பர் 19 அன்று குரோனாவை மிதக்கவிட்டார்கள். மளமளவென்று சரிந்தது.

இதில் பில்ட்டின் பங்கு என்ன என்று கேட்டால், அவர் கடைசிவரை நாணய மதிப்பைக் காப்பாற்றியே தீருவேன் என்று நின்றார். அது தப்புக்கணக்கு. ஆனால் அந்தத் தப்பில் எதிர்க்கட்சியும் கூட்டு. இங்வார் கார்ல்சனின் சமூக ஜனநாயகக் கட்சியோடு அதே செப்டம்பரில் இரண்டு நெருக்கடி ஒப்பந்தங்கள் போட்டார்கள். தமிழ்நாட்டில் ஆளுங்கட்சியும் எதிர்க்கட்சியும் ராத்திரி உட்கார்ந்து செலவுக் குறைப்புக்குக் கையெழுத்துப் போடுவதைக் கற்பனை செய்து பாருங்கள்.

#3 செந்தட்டி

கணக்குப்பிள்ளை கணக்கை மட்டும் சொல்லுவார், ஆளைச் சொல்லமாட்டார். நான் சொல்கிறேன்.

1990இல் அந்த நாட்டில் வேலையில்லாதவர்கள் 2 சதவீதத்துக்கும் கீழே. 1993இல் 8 சதவீதத்துக்கும் மேலே. மூன்று வருஷம் தொடர்ச்சியாக நாட்டின் மொத்த உற்பத்தி சுருங்கியது. இவ்வளவு நடக்கும்போது பிரதமரின் முழக்கம் என்ன தெரியுமா? 'ஒரே வழிக் கொள்கை'. அதாவது நான் போகிற வழி ஒன்றுதான் வழி, மற்றதெல்லாம் முட்டுச்சந்து. ஜனநாயகத்தில் இப்படிப் பேசுகிறவனை எனக்குப் பிடிக்காது, அவன் வலதாக இருந்தாலும் இடதாக இருந்தாலும்.

#4 கணக்குப்பிள்ளை

செந்தட்டி, நெருப்பு வைத்தது யார்? 1985 நவம்பரில் வங்கிகளின் கடன் உச்சவரம்பை ரிக்ஸ்பாங்க் எடுத்துவிட்டது, சமூக ஜனநாயகப் பிரதமர் ஊலோஃப் பால்மேயின் ஆட்சியில். அதற்குப் பிறகு வங்கிகள் கட்டடத்துக்குக் கண்ணை மூடிக்கொண்டு கடன் கொடுத்தன. பில்ட் 1991 அக்டோபரில் வரும்போது கூரை ஏற்கெனவே எரிந்துகொண்டிருந்தது. அவர் கையில் வாளி இருந்ததா, வாளியில் தண்ணீர் இருந்ததா என்று வேண்டுமானால் பேசலாம்.

வங்கி விஷயத்தில் தண்ணீர் இருந்தது என்பேன். போட்ட பணம் போகாது என்று 1992 செப்டம்பரில் அரசே பொறுப்பேற்றது. நூர்ட்பாங்கன் என்ற வங்கியின் வாராக்கடன்களைப் பிரித்து செக்யூரம் என்ற தனி நிறுவனத்தில் போட்டு நிதானமாக விற்றார்கள். பங்குதாரர்களைக் காப்பாற்றவில்லை, வங்கியைக் காப்பாற்றினார்கள். 2008இல் அமெரிக்க வங்கிகள் கவிழ்ந்தபோது எல்லாரும் இந்தப் பழைய கோப்பைத்தான் தூசி தட்டினார்கள். அந்த வேலையைப் பார்த்த அமைச்சர் போ லுண்ட்கிரென். பில்ட்டுக்குப் பிறகு கட்சித் தலைவராகி, 2002 தேர்தலில் 15.3 சதவீதம் வாங்கி மண்ணைக் கவ்வினார். உலகம் கைதட்டிய ஆளை ஊர் தோற்கடித்தது.

#5 மட்டுநகரான்

தம்பி குருவி, நான் ஸ்டாக்ஹோமுக்கு வந்தது 1990 கடைசியில். அகதி முகாமில் ஒரு குளிர்காலம், பிறகு இரவில் அலுவலகங்களைத் துப்புரவு செய்யும் வேலை. ஆகவே வட்டி வீதம் எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்தது வேறொரு கதை.

1991 ஆகஸ்டிலிருந்து ஒருவன் வெளிநாட்டவர்களைப் பார்த்துச் சுட்டுக்கொண்டு திரிந்தான். துப்பாக்கியில் சிவப்பு ஒளிப்புள்ளி வைத்துக் குறிபார்த்ததால் பத்திரிகைகள் அவனுக்கு 'லேசர் மனிதன்' என்று பெயர் வைத்தன. ஸ்டாக்ஹோமிலும் உப்சாலாவிலும் 11 பேரைச் சுட்டான், ஈரானிய மாணவன் ஒருவன் செத்தான். இரவு வேலை முடிந்து நிலக்கீழ் ரயிலால் இறங்கி வீட்டுக்கு நடக்க எனக்கு ஒன்பது நிமிடம். அந்த ஒன்பது நிமிடமும் நெஞ்சில் சிவப்புப் புள்ளி விழுகிறதா என்று சட்டையைப் பார்த்துப் பார்த்து நடப்பேன். ஊரில் ஹெலிகொப்டர் சத்தத்துக்குப் படுத்துப் பழகிய எங்களுக்கு இது புதுவிதமான பயம், சத்தமே இல்லை.

1992 பெப்ரவரியில் பிரதமர் பில்ட்டும் குடிவரவு அமைச்சர் பிர்கித் ஃப்ரிகெபூவும் ரிங்கபியில் உள்ள மக்கள் மன்றத்துக்கு வந்தார்கள். ரிங்கபி என்றால் எங்களைப் போன்றவர்கள் வாழும் புறநகர். மண்டபம் நிறையக் கோபம். அந்த அம்மா, எல்லாரும் சேர்ந்து பாடலாம் என்று அமெரிக்கக் கறுப்பினத்தவரின் பழைய உரிமைப் பாட்டு ஒன்றைச் சொன்னார். சனம் கூச்சல் போட்டது. நான் மண்டபத்தில் இருக்கவில்லை, பக்கத்து அறைக்காரரின் தொலைக்காட்சியில் பார்த்தேன். எனக்குப் பாட்டை விட நினைவிருப்பது பில்ட்டின் முகம். இந்த இடத்தில் என்ன செய்வது என்று தெரியாத படித்த மனிதனின் முகம்.

இதையும் சொல்லவேண்டும். 1993 ஜூனில் பொஸ்னியாவிலிருந்து வந்திருந்த கிட்டத்தட்ட 40,000 பேருக்கு நிரந்தர வதிவிடம் கொடுத்ததும் அதே அரசாங்கம்தான். அதே நாளில் இனி வருகிறவர்களுக்கு விசா வேண்டும் என்று கதவையும் சாத்தினார்கள். ஒரு கையால் கொடுத்து மறு கையால் பூட்டிய கதை.

#6 குளிர்காலக்குருவி

மட்டுநகரான் அண்ணா, அந்த ஒன்பது நிமிடத்தைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அந்த அரசைத் தாங்கிப் பிடித்ததே குடியேற்றத்துக்கு எதிரான ஒரு கட்சி என்று படித்தேன், உண்மையா?

#7 பழுப்புக்காகிதம்

பாதி உண்மை. பில்ட்டின் அரசு நான்கு கட்சிக் கூட்டணி: மாடரேட், மக்கள் கட்சி, மையக் கட்சி, கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சி. நான்கும் சேர்ந்தும் பெரும்பான்மை இல்லை. இடையில் நின்றது 'புதிய ஜனநாயகம்' என்ற புத்தம்புதுக் கட்சி, 6.7 சதவீத ஓட்டு. தலைவர்கள் இரண்டு பேர். இயான் வாக்ட்மைஸ்டர் ஒரு பிரபு, பெர்ட் கார்ல்சன் கேளிக்கைப் பூங்காவும் இசைத்தட்டு நிறுவனமும் நடத்தியவர். மேடையில் பீர்ப் பெட்டிகளை அடுக்கி வைத்துப் பொருளாதாரம் விளக்குவார்கள். கூட்டம் அள்ளும்.

1991 தேர்தல் இரவு தொலைக்காட்சி நிலையத்தில் இந்த இருவரும் வந்து சோபாவில் உட்கார்ந்ததும், மக்கள் கட்சித் தலைவர் பெங்த் வெஸ்டர்பெரி எழுந்து போய்விட்டார். நாடே பார்த்தது. அவர்தான் பிறகு பில்ட்டுக்குத் துணைப் பிரதமர். அந்த இருவரின் ஓட்டில்லாமல் அவர்கள் அரசின் மசோதா நகராது. ஆக, சோபாவில் சேர்ந்து உட்காரமாட்டோம், ஓட்டு மட்டும் வேண்டும். மூன்று வருஷம் அந்த நிலையில்தான் ஓட்டினார்கள். பில்ட்டின் அரசியல் சாமர்த்தியம் என்றால் நான் இதைத்தான் சொல்வேன், 'ஒரே வழி' முழக்கத்தை அல்ல.

1930க்குப் பிறகு ஸ்வீடனுக்குக் கிடைத்த முதல் வலதுசாரிப் பிரதமர் அவர். அறுபது வருஷம் கழித்துக் கிடைத்த நாற்காலி, நாளைக்கு இருக்குமோ இருக்காதோ என்ற அவசரம் அந்த ஆட்சியின் ஒவ்வொரு வேலையிலும் தெரியும்.

#8 தேன்கூடு

அவசரத்தில் செய்த வேலைக்கு ஓர் உதாரணம் நான் தினமும் போகும் பள்ளிக்கூடம்.

மால்மோவில் ஆசிரியை. 1992இல் பில்ட் அரசு கொண்டுவந்தது 'ஃப்ரீஸ்கூலா' ஏற்பாடு. யார் வேண்டுமானாலும் அனுமதி வாங்கிப் பள்ளி தொடங்கலாம். இன்று பிள்ளையிடம் கட்டணம் வாங்கக் கூடாது. தொடக்கத்தில் நகராட்சி ஒரு பிள்ளைக்குச் செலவழிப்பதில் குறைந்தது 85 சதவீதம் அந்தப் பள்ளிக்குப் போனது. 'ஸ்கூல்பெங்', அதாவது பள்ளிப்பணம், பிள்ளையின் முதுகுப்பையோடு நடக்கும் என்பார்கள். கிராமத்தில் பெற்றோர் சேர்ந்து நடத்தும் சின்னப் பள்ளிகள் வரும் என்றுதான் பலர் நினைத்தார்கள். லாப நோக்கில் நடத்தும் நிறுவனங்களுக்குத் தடை போடவில்லை. வந்தார்கள். இன்றைக்கு மேல்நிலைப் பிள்ளைகளில் கிட்டத்தட்ட மூன்றில் ஒருவர் இப்படிப்பட்ட பள்ளியில்.

நான் முன்பு வேலைபார்த்த ஒரு பள்ளியில் நூலகம் என்பது நடைபாதையில் ஓர் அலமாரி. விளையாட்டு வகுப்புக்குப் பக்கத்து உடற்பயிற்சிக் கூடத்தை மணிக்கணக்கில் வாடகைக்கு எடுப்பார்கள். ஆண்டு முடிவில் பங்குதாரர்களுக்கு லாபம் போகும். பெற்றோரிடம் பேசிப்பாருங்கள், கோபப்படுவார்கள். அப்படியே தங்கள் அடுத்த பிள்ளையின் பெயரையும் வரிசையில் போட்டிருப்பார்கள். பிறந்த வாரமே பெயர் போடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

நல்லதும் பார்த்திருக்கிறேன். நகராட்சிப் பள்ளியில் திக்கித் திணறிய ஒரு சோமாலியப் பையன் சின்னப் பள்ளி ஒன்றில் மலர்ந்ததைப் பார்த்தேன். ஆனால் அது பள்ளி சின்னதாக இருந்ததாலா, பில்ட்டாலா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

#9 செந்தட்டி

தேன்கூடு அக்கா சொன்னதற்கு ஒரு குறிப்பு. 2013இல் ஜேபி எஜுகேஷன் என்ற பள்ளி நிறுவனம் திவாலானது. முதலீட்டு நிதி ஒன்றுக்குச் சொந்தமானது. படிப்பு நடுவில் ஆயிரக்கணக்கான பிள்ளைகளுக்குப் பள்ளி மாறவேண்டி வந்தது. காய்கறிக் கடையா அது, ஷட்டரை இறக்கிவிட்டுப் போக?

#10 கணக்குப்பிள்ளை

அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. ஆனால் ஒன்று கேட்கிறேன். 1994இலிருந்து 2006 வரை பன்னிரண்டு வருஷம் சமூக ஜனநாயகவாதிகள் ஆண்டார்கள். ஏன் கலைக்கவில்லை?

இந்தக் கேள்வியை மற்றதிலும் போட்டுப் பாருங்கள். தொழிற்சங்கங்களின் கைக்குக் கம்பெனிப் பங்குகளைக் கொண்டுபோக வைத்திருந்த ஊதியதாரர் நிதியை பில்ட் கலைத்தார். அந்தப் பணத்தில் ஆராய்ச்சி அறக்கட்டளைகளை நிறுவினார். குருவி, உங்கள் ஊர் சால்மர்ஸ் தொழில்நுட்பப் பல்கலைக்கழகம் 1994இல் அரசிடமிருந்து பிரிந்து அறக்கட்டளைக்குப் போனதும் அப்போதுதான். யாரும் திருப்பி எடுக்கவில்லை. 1994இல் ஐந்து கட்சிகள் சேர்ந்து ஒத்துக்கொண்ட ஓய்வூதியச் சீர்திருத்தம் இன்றும் நிற்கிறது. அப்புறம் உடம்பு சரியில்லை என்று லீவு போட்டால் முதல் நாள் சம்பளம் கிடையாதே, 'கரென்ஸ்டாக்', அது 1993 ஏப்ரலில் வந்தது. 2019இல் கணக்கிடும் முறையை மாற்றினார்கள், வெட்டை எடுக்கவில்லை.

தேர்தலில் தோற்ற மனிதர். ஆனால் அவர் போட்டுவிட்டுப் போன தண்டவாளத்தில்தான் ஜெயித்தவர்கள் ரயில் ஓட்டினார்கள். உங்கள் அலுவலகப் பெரியவரின் கோபத்துக்கும் அதுதான் காரணமாக இருக்கும். தோற்ற ஆள் தோற்றுப்போயிருந்தால் மறந்திருப்பார்.

#11 மட்டுநகரான்

கரென்ஸ்டாக் அவருடையதா! முப்பது வருஷமாக அந்த முதல் நாளில் காய்ச்சலோடு வேலைக்குப் போயிருக்கிறேன், யாரைத் திட்டுவது என்று தெரியாமல்.

#12 கணக்குப்பிள்ளை

இங்வார் கார்ல்சனையும் சேர்த்துத் திட்டுங்கள் அண்ணா. மேலே சொன்ன நெருக்கடி ஒப்பந்தத்தில் அதுவும் ஒரு ஷரத்து.

#13 தபால்பெட்டி

இவ்வளவு பேசினீர்கள், அந்தக் கடிதத்தை ஒருவரும் சொல்லவில்லையே. நான் தபால் துறையில் குப்பை கொட்டியவன், எனக்கு அதுதான் முக்கியம்.

1994 பிப்ரவரி 4. பில்ட் தன் கணினியிலிருந்து அமெரிக்க அதிபர் கிளிண்டனுக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்புகிறார். இந்த இணைப்பு வேலை செய்கிறதா என்று பார்க்கிறேன் என்று தொடங்கி, வியட்நாம் மீதான வணிகத் தடையை நீக்கியதற்கு வாழ்த்துச் சொல்கிறார். மறுநாள் பதில் வந்தது. இரண்டு அரசுத் தலைவர்களுக்கு நடுவில் மின்னஞ்சல் போய்வந்தது அதுவே முதல்முறை என்பார்கள். அந்த வருஷம் எங்கள் அலுவலகத்தில் தந்திப் பிரிவு முழுமூச்சாக ஓடிக்கொண்டிருந்தது. கல்யாண வாழ்த்துக்கு எண் போட்ட வாசகங்கள் இருக்குமே, எட்டாம் எண் என்றால் இன்ன வாழ்த்து என்று, அதைத் தட்டிக்கொண்டிருந்தோம்.

பின்னாளில் வெளியுறவு அமைச்சராக இருந்துகொண்டே வலைப்பதிவும் எழுதினார், ட்விட்டரில் மூழ்கியும் கிடந்தார். விமான நிலையத்தில் உட்கார்ந்து ஒரு நாட்டைத் திட்டிவிட்டு, இறங்கி அடுத்த நாட்டோடு கைகுலுக்குகிற ரகம்.

#14 குளிர்காலக்குருவி

சரி, அரசியலுக்கு எப்படி வந்தார்? பிரபு வீட்டுப் பிள்ளை என்பதால் நாற்காலி தானாக வந்ததா?

#15 பழுப்புக்காகிதம்

தானாக வரவில்லை. ஆனால் கதவைத் தட்டுவதற்கு முன்பே திறந்துவிட ஆள் இருந்தது.

1968இல் ஸ்டாக்ஹோம் பல்கலைக்கழகத்தில் மாணவர். இடதுசாரி மாணவர்கள் சங்கக் கட்டடத்தைப் பிடித்து உட்கார்ந்த வருஷம் அது. ஊரே இடது பக்கம் சாயும்போது எதிர்ப்பக்கம் போன சிறு கூட்டத்தில் இவர். வலதுசாரி மாணவர் அமைப்பின் தலைவரானார். பட்டத்தை முடிக்கவில்லை. படிப்பைவிட அரசியலில்தான் நாட்டம்.

கட்சித் தலைவர் யோஸ்டா பூமன் கண்ணில் பட்டார். 1976இல் நாற்பது வருஷத்துக்கும் மேலான சமூக ஜனநாயக ஆட்சி முடிந்து பூமன் பொருளாதார அமைச்சரானதும், அமைச்சகத்துக்குள் அழைத்துக்கொண்டார். 1979இல் நாடாளுமன்ற உறுப்பினர். 1984இல் பூமனின் மகள் மியாவைக் கல்யாணம் செய்துகொண்டார். நம் ஊராக இருந்தால் மருமகனுக்குத்தான் கட்சி என்று அன்றைக்கே போஸ்டர் ஒட்டியிருப்பார்கள். அங்கே பூமன் 1981இலேயே விலகி, உல்ஃப் ஆடெல்சோன் தலைவராக இருந்து, அவர் 1986இல் விலகிய பிறகுதான் இவர் முறை.

பெயர் வாங்கிக்கொடுத்தது நீர்மூழ்கி. 1981 அக்டோபர் 27 அன்று சோவியத் நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று கார்ல்ஸ்க்ரூனா கடற்படைத் தளத்துக்குப் பக்கத்தில் பாறையில் ஏறி நின்றுவிட்டது. விஸ்கி ரகக் கப்பல், பாறைமேல் நின்றதால் பத்திரிகைக்காரர்களுக்கு 'விஸ்கி ஆன் த ராக்ஸ்' என்று சிலேடை கிடைத்த குஷி. மறுவருஷம் ஹோர்ஸ்ஃபியார்டனில் இன்னொரு வேட்டை. விசாரிக்கப் போட்ட குழுவில் முப்பத்து மூன்று வயது பில்ட் உறுப்பினர். 1983 ஏப்ரலில் அறிக்கை வந்தது: சோவியத்தான். அறிக்கை வந்த கையோடு பில்ட் வாஷிங்டன் போய் அமெரிக்க உளவுத்துறை ஆட்களையும் சந்தித்தார். பால்மேக்கு வந்ததே கோபம்! ரகசியம் பார்த்த குழுவின் உறுப்பினர் இப்படிப் போகலாமா என்று அரசே பகிரங்கமாகக் கண்டித்தது. ஓர் எம்.பி.யைப் பிரதமர் அந்த அளவுக்குத் திட்டினால் என்ன ஆகும்? நாட்டுக்கே அவர் பெயர் தெரிந்துவிடும். பில்ட்டை வளர்த்ததில் மாமனாருக்கு அடுத்த பங்கு பால்மேக்கு.

ஒரு கொசுறு: கடற்படை நீர்மூழ்கி என்று பதிவு செய்து வைத்திருந்த சில ஒலிகள், ஹெர்ரிங் மீன் கூட்டம் வெளியேற்றும் காற்றுக்குமிழிகள் என்று பின்னால் ஆய்வாளர்கள் கண்டுபிடித்தார்கள். பாறையில் ஏறியது மட்டும் மீன் இல்லை.

#16 செந்தட்டி

லுண்டினைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை.

2000இலிருந்து 2006 வரை லுண்டின் எண்ணெய் நிறுவனத்தின் இயக்குநர் குழுவில் இருந்தார் பில்ட். அந்த நிறுவனம் சூடானில், இன்றைய தென்சூடானில், '5ஏ' என்ற வட்டாரத்தில் எண்ணெய் தோண்டியது. தோண்டும் இடத்தைச் சுற்றி இராணுவமும் ஆயுதக் குழுக்களும் ஊர் ஊராகக் காலி செய்தன. ஸ்வீடன் அரசு வழக்கறிஞர் 2010இல் விசாரணை தொடங்கினார். 2021இல் நிறுவனத்தின் தலைவர் ஒருவர் மீதும் முன்னாள் நிர்வாகி ஒருவர் மீதும் போர்க்குற்றங்களுக்கு உடந்தை என்று குற்றச்சாட்டு. 2023 செப்டம்பரில் வழக்கு தொடங்கியது. அவர்கள் மறுக்கிறார்கள்.

2011இல் இரண்டு ஸ்வீடிஷ் பத்திரிகையாளர்கள் எதியோப்பியாவின் ஒகாடன் பகுதிக்குள் போனார்கள், அங்கேயும் எண்ணெய்த் தடத்தைத் தேடி. பிடிபட்டு, பதினொரு வருஷச் சிறை விதிக்கப்பட்டு, 2012இல் மன்னிப்பில் வெளியே வந்தார்கள். அப்போது அவர்களை மீட்கவேண்டிய வெளியுறவு அமைச்சர் யார்? பில்ட். மனித உரிமை பேசும் வாய் அது.

#17 மட்டுறுத்துநர்

செந்தட்டி, படிக்கிறவர்களுக்காக ஒன்றைச் சேர்க்கிறேன்: அந்த வழக்கில் பில்ட் குற்றம்சாட்டப்பட்டவர் அல்ல. விமர்சனம் தாராளமாக இருக்கட்டும், கோடு தெளிவாக இருக்கட்டும்.

#18 செந்தட்டி

ஒத்துக்கொள்கிறேன். சட்டத்தின் முன் அவர்மேல் ஒன்றுமில்லை. என் கேள்வி இயக்குநர் குழுவில் உட்கார்ந்தவர் ஜன்னலைத் திறந்து பார்த்தாரா என்பதுதான்.

#19 மட்டுநகரான்

எங்கள் கதைக்கும் அவருக்கும் ஒரு முடிச்சு உண்டு. 2009 ஏப்ரல் கடைசி வாரம். வன்னியில் என்ன நடந்துகொண்டிருந்தது என்று இங்கே எழுதத் தேவையில்லை. பிரிட்டன் வெளியுறவு அமைச்சர் மிலிபாண்டும் பிரான்சின் குஷ்னேரும் கொழும்புக்குப் புறப்பட்டார்கள். கூடப் போகவிருந்தவர் பில்ட். ஜூலையில் ஐரோப்பிய ஒன்றியத்தின் தலைமை ஸ்வீடனுக்கு வரவிருந்தது. இலங்கை அரசு மற்ற இருவரையும் வா என்றது, பில்ட்டுக்கு மட்டும் வரவேண்டாம் என்றது. ஸ்வீடன் கொழும்பிலிருந்த தன் தூதரகப் பிரதிநிதியை ஆலோசனைக்கென்று திருப்பி அழைத்தது.

நாங்கள் அந்த நாட்களில் ஸ்டாக்ஹோம் நடுவே, சேர்கெல் சதுக்கத்தில் பதாகையோடு நின்றோம். பிள்ளைகளைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு நின்றவர்கள் உண்டு. செய்தி வந்ததும் ஒரு வயதான ஐயா, "எங்கட ஆளை விடேல்லையாம்" என்றார். எங்கட ஆள்! வாழ்நாள் முழுக்க இடதுசாரிக்கு வாக்குப்போட்ட மனிதர் அவர். அந்த ஒரு நாள் பில்ட் எங்கள் ஆளாக இருந்தார்.

#20 வடகரை

ஐரோப்பிய ஒன்றியம் புலிகளைத் தடை செய்தபோதும் இவர்தானே அமைச்சர்? அதை வைத்துப் பார்த்தால் 'எங்கட ஆள்' எப்படி?

#21 மட்டுநகரான்

இல்லைத் தம்பி. தடை 2006 மே மாதம். அப்போது ஸ்வீடனில் சமூக ஜனநாயக ஆட்சி, வெளியுறவு யான் எலியாசன். போர்நிறுத்தக் கண்காணிப்புக் குழுவில் அப்போது தலைவராக இருந்தவரே ஸ்வீடன்காரர், ஓய்வுபெற்ற ஜெனரல் உல்ஃப் ஹென்ரிக்சன். தடைக்குப் பிறகு ஒன்றிய நாட்டவர்கள் வெளியேற வேண்டும் என்று புலிகள் கேட்டு, ஸ்வீடன், டென்மார்க், பின்லாந்து மூன்றும் அந்த ஆண்டிலேயே கிளம்பின. பில்ட் அமைச்சரானது அக்டோபரில், எல்லாம் முடிந்த பிறகு.

#22 பழுப்புக்காகிதம்

ஒரு நாடு இவரை வாசலில் நிறுத்தியது அதுதான் முதல்முறை என்று நினைக்காதீர்கள். 1995 ஆகஸ்டில் குரோவேஷியாவும் இவரை வேண்டாதவர் என்று அறிவித்தது. செர்பியர்கள் பிரிந்துநின்ற க்ராயினா பகுதியை குரோவேஷிய இராணுவம் மீட்டபோது செர்பிய மக்கள் லட்சக்கணக்கில் ஓடினார்கள். அதற்கு குரோவேஷிய அதிபரும் பதில் சொல்லவேண்டும் என்று, முன்னாள் யூகோஸ்லாவியாவுக்கான ஐரோப்பியத் தூதராகப் பேசியதற்கான பரிசு.

அந்த வருஷம் நவம்பரில் அமெரிக்காவின் டேட்டன் விமானப்படைத் தளத்தில் பொஸ்னியப் பேச்சுவார்த்தை. அமெரிக்கத் தூதர் ஹோல்புரூக்கோடு ஐரோப்பா சார்பில் இணைத்தலைவர் பில்ட். பிறகு 1997 ஜூன் வரை பொஸ்னியாவில் சர்வதேசத்தின் முதல் உயர் பிரதிநிதி. சரயேவோவில் போய் இறங்கும்போது அலுவலகம், ஆள், பணம் மூன்றையும் அவரே தேடவேண்டியிருந்தது. உள்ளூர்த் தலைவர்களைப் பதவிநீக்கும் அதிகாரமெல்லாம் அவருக்குப் பின்னால் வந்தவர்களுக்கு 1997 டிசம்பரில்தான் கிடைத்தது. இவர் கையில் இருந்தது வாய் மட்டும். செர்பிய அதிபர் மிலோஷெவிச்சோடு அதிகம் பேசினார் என்று பொஸ்னியர்களுக்கு இன்றும் மனத்தாங்கல் உண்டு. பொஸ்னிய முஸ்லிம்கள் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்ட ஸ்ரெப்ரெனிட்சா நகரம் விழுந்த அந்த 1995 ஜூலை நாட்களில் இவர் பெல்கிரேடில் பேச்சில் இருந்தார். நான் பொஸ்னியனாக இருந்தால் எனக்கும் இருக்கும்.

கடைசியாக ஒன்று, இதைச் சொல்லாவிட்டால் தூக்கம் வராது. 1994 தோல்விக்குப் பிறகு கட்சிக்குள் ஓர் இளைஞன் எழுந்து, கட்சி ஒரே ஆளின் நிழலாகிவிட்டது என்று எழுதினான். பெயர் ஃப்ரெட்ரிக் ரெய்ன்ஃபெல்ட், கட்சி இளைஞர் அணித் தலைவன். அந்தப் பதவிக்கு 1992இல் லிக்சேலேயில் நடந்த போட்டியில் அவன் தோற்கடித்தது உல்ஃப் கிரிஸ்டர்சனை. ஆமாம், 2022இல் பிரதமரான அதே கிரிஸ்டர்சன். நிழல் என்று சொன்னவனை வெயிலில் நிற்கவைத்தார்கள், பில்ட் இறங்கும்வரை ஓரங்கட்டல். 2003இல் ரெய்ன்ஃபெல்ட் கட்சித் தலைவரானார், வரிக்குறைப்பு முழக்கத்தைத் தணித்து, தொழிலாளர் கட்சி என்றே பெயர் சொல்லிக்கொண்டு 2006இல் ஜெயித்தார். அமைச்சரவைப் பட்டியல் வாசித்த அன்று வெளியுறவுக்கு வந்த பெயரைக் கேட்டு ஆடாத ஆளில்லை. பில்ட். ஒரு காலத்தில் தன்னை ஓரங்கட்டியவருக்குக் கீழே அல்ல, மேலே உட்கார்ந்து எட்டு வருஷம் வேலை வாங்கினார். முன்னாள் பிரதமரும் வாயை மூடிக்கொண்டு பார்த்தார். வாயை மூடிக்கொண்டு என்பது உள்நாட்டு விஷயத்தில் மட்டும்!

#23 தேன்கூடு

ரெய்ன்ஃபெல்ட் செய்தது பெருந்தன்மையா, கணக்கா?

#24 பழுப்புக்காகிதம்

எப்போதும் விமானத்தில் இருக்கிற வேலை அது. யோசித்துக்கொள்ளுங்கள்.

#25 குளிர்காலக்குருவி

எல்லாருக்கும் நன்றி. இன்று ஃபீக்காவில் பெரியவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். 1.37 குரோனா கணக்கைச் சொன்னேன். சிரித்தார். கணக்குப்பிள்ளை சொன்னது சரி, 1990இல் போரோஸ் பக்கம் வீடு வாங்கியிருக்கிறார். 1993இல் வேலை போய், வீட்டை வாங்கிய விலைக்கும் குறைவாக விற்று, மீதிக் கடனைப் பத்து வருஷம் அடைத்தாராம். வீட்டு முன்னால் ஆப்பிள் மரம் ஒன்று நட்டிருந்தாராம், காய்க்கும் முன்பே சாவியைக் கொடுத்துவிட்டார்.

தைரியம் வந்து, மகள்கள் எந்தப் பள்ளியில் படித்தார்கள் என்று கேட்டேன். கொஞ்ச நேரம் பன்னையே பார்த்தார். "இரண்டு பேரும் ஃப்ரீஸ்கூலாதான்" என்றார். "பக்கத்தில் இருந்தது."